அமெரிக்கக் கலையும் யூதர்களும்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

எங்கள் ஊர் நூலகத்தில் மாதம் ஒரு ஞாயிறு மாலை உலக சினிமா, உலக இலக்கியம் என்று பேசிக்கொண்டிருப்போம். அமெரிக்கப் பாட்டு, படம், நாடகம், எதை எடுத்தாலும் பேச்சு எப்படியோ யூதர்களிடம் வந்து நிற்கும். அப்புறம் அதே சந்தேகங்கள், அதே வாட்ஸப் செய்திகள். வாயால் சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது. கேட்டவர்கள் கேட்ட மாதிரியே கேள்விகளைப் போட்டு, எனக்குத் தெரிந்த பதில்களை இங்கே எழுதியிருக்கிறேன்.

யூதர் என்றால் மதமா, இனமா? முதலில் அதைச் சொல்லுங்கள்.

இரண்டும்தான். யூத மதத்தைப் பின்பற்றுகிறவர் யூதர். ஆனால் கடவுளே இல்லை என்று சொல்லித் திரிகிறவரும், யூதத் தாய்க்குப் பிறந்திருந்தால், அவர்களுடைய மரபுச் சட்டப்படி யூதர்தான். இந்தப் பக்கத்தில் வரும் பலர் தொழுகைக்கூடத்தின் பக்கமே போகாதவர்கள். வளர்ந்த வீடு, காதில் விழுந்த மொழி, ஊரார் தங்களைப் பார்த்த பார்வை, இவைதான் அவர்களை யூதர்களாக வைத்திருந்தன.

எல்லா யூதர்களும் ஒரே மாதிரியும் அல்ல. கொச்சி மட்டாஞ்சேரியில் 1568-ல் கட்டிய தொழுகைக்கூடத்தைச் சிலர் பார்த்திருப்பீர்கள். அங்கே மலையாளம் பேசி வாழ்ந்த யூதர்களுக்கும் போலந்து யூதர்களுக்கும் மொழியும் சமையலும் பாட்டும் வேறு வேறு. அமெரிக்கக் கலை என்று வரும்போது நாம் பெரும்பாலும் பேசுவது கிழக்கு ஐரோப்பாவிலிருந்து போன குடும்பங்களைப் பற்றி.

ஹிட்லருக்குப் பயந்துதானே அமெரிக்காவுக்கு ஓடினார்கள்?

அது கடைசி அலை. முதல் கூட்டம் 1654-லேயே போய்விட்டது. பிரேசிலின் ரெசிஃபே நகரை டச்சுக்காரர்களிடமிருந்து போர்த்துகீசியர்கள் திரும்பப் பிடித்ததும், அங்கிருந்து கிளம்பிய 23 யூதர்கள் இன்று நியூயார்க் என்று சொல்லப்படும் ஊரில் வந்து இறங்கினார்கள். 19ஆம் நூற்றாண்டின் நடுவில் ஜெர்மன் பேசும் யூதர்கள் வந்தார்கள்.

நம் கதைக்கு முக்கியமான அலை 1881-ல் தொடங்குகிறது. அந்த ஆண்டு ரஷ்ய மன்னர் இரண்டாம் அலெக்சாண்டர் கொல்லப்பட்டார். பழி யூதர்கள் மேல் விழுந்தது. வீடுகளும் கடைகளும் சூறையாடப்பட்டன. வறுமையும் கெடுபிடிச் சட்டங்களும் ஏற்கெனவே இருந்தன. 1924-ல் அமெரிக்கா குடியேற்றச் சட்டத்தை இறுக்கிக் கதவைச் சாத்தும்வரை சுமார் 20 லட்சம் பேர் வந்து சேர்ந்தார்கள். அவர்களில் பெரும்பகுதி நியூயார்க்கிலேயே, அதிலும் தெற்கு மன்ஹாட்டனில் லோயர் ஈஸ்ட் சைட் என்ற நெரிசலான பகுதியில் தங்கிவிட்டது. தையல் மெஷின், தள்ளுவண்டி, ஒரே அறையில் எட்டுப் பேர், அப்படித்தான் வாழ்க்கை.

மக்கள்தொகையில் 2 சதவீதம்தான். ஆனால் பாட்டு, சினிமா, காமிக்ஸ் என்று எங்கே பார்த்தாலும் அவர்களே. பிறவித் திறமையா?

இந்தக் கேள்விதான் அதிகம் வரும். "அவங்க மூளையே தனி" என்று நண்பர் ஒருவர் மாதாமாதம் சொல்வார். நான் ஒப்புக்கொள்வதில்லை. ரத்தத்தில் தேடுவதைவிட நகரத்தில் தேடினால் பதில் கிடைக்கும்.

மரியாதையான தொழில்களில் யூதர்களுக்கு இடம் இல்லை. பெரிய வங்கிகளும் பெரிய வக்கீல் அலுவலகங்களும் அவர்களை எட்டவே வைத்தன. ஹார்வர்ட் போன்ற பல்கலைக்கழகங்கள் 1920-களில் யூத மாணவர் எண்ணிக்கையைக் குறைக்க வழி தேடின. அதே காலத்தில் இன்னும் கதவே வைக்காத தொழில்களும் சில முளைத்திருந்தன. ஐந்து சென்ட்டுக்குப் படம் காட்டும் கடை, அச்சடித்து விற்கும் சினிமாப் பாட்டு மாதிரியான மெல்லிசை, வோட்வில் என்ற பலவித மேடை நிகழ்ச்சி, பின்னால் காமிக்ஸ். கௌரவமான குடும்பத்துப் பிள்ளைகள் தொடக் கூசிய வேலைகள் இவை. போட்டியும் அதனால் குறைவு.

இன்னொன்றும் உண்டு. அந்தக் காலத்தில் வந்த இத்தாலியர்களில் பலர் நாலு காசு சேர்த்துக்கொண்டு ஊர் திரும்பினார்கள். யூதர்களுக்குத் திரும்பிப் போக ஊர் இல்லை. குடும்பத்தோடு வந்தவர்கள், எழுதப் படிக்கத் தெரிந்தவர்கள், பெருநகரத்தின் நடுவில் குவிந்திருந்தவர்கள். சொந்த மொழியான யித்திஷில் நாடகக் கொட்டகைகளும் 1897-லிருந்து 'ஃபோர்வெர்ட்ஸ்' என்ற தினசரியும் அவர்களுக்கு இருந்தன. கலைஞனுக்கு முதலில் வேண்டிய ரசிகர் கூட்டம் அடுத்த தெருவிலேயே காத்திருந்தது.

பாட்டெழுதிப் பெயர் வாங்கியவர் கொஞ்சம் பேர்தான் என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். 1911-ல் டிரையாங்கிள் சட்டைத் தொழிற்சாலை தீப்பிடித்து 146 பேர் இறந்தார்கள். பெரும்பாலும் யூத, இத்தாலிய இளம்பெண்கள். மூளையே தனி என்கிற நண்பரிடம் இதைத்தான் சொல்வேன்.

யித்திஷ், யித்திஷ் என்கிறீர்களே, அது எபிரேய மொழிதானே?

இல்லை. எழுத்து எபிரேயம், உடம்பு ஜெர்மன். அதற்குள் எபிரேயச் சொற்களும் ஸ்லாவியச் சொற்களும் கலந்திருக்கும். எபிரேயம் வேதத்துக்கும் தொழுகைக்கும். யித்திஷ் சண்டைக்கும் தாலாட்டுக்கும் வியாபாரத்துக்கும். அமெரிக்க ஆங்கிலத்தில் இன்று சாதாரணமாகப் புழங்கும் 'பேகல்' (வளைய ரொட்டி), 'க்ளட்ஸ்' (தடுமாறி விழுகிற ஆள்), 'ஹுட்ஸ்பா' எல்லாம் அங்கிருந்து வந்தவை. கடைசிச் சொல்லுக்கு நம் 'நெஞ்சழுத்தம்' கிட்டத்தட்டப் பொருந்தும், ஆனால் அதில் கொஞ்சம் ரசிப்பும் கலந்திருக்கும்.

'ஒயிட் கிறிஸ்துமஸ்' பாட்டை எழுதியவர் யூதர் என்கிறார்கள். சும்மாதானே?

சும்மா இல்லை. எழுதி இசையமைத்தவர் இர்விங் பெர்லின். 1888-ல் ரஷ்யப் பேரரசில் இஸ்ரேல் பெய்லின் என்ற பெயரில் பிறந்தவர், ஐந்து வயதில் நியூயார்க் வந்தவர். அப்பா தொழுகைக்கூடத்தில் முன்னின்று பாடுகிறவர். அவர்களைக் 'கேன்டர்' என்பார்கள். அப்பா சீக்கிரம் இறந்துவிட, பையன் தெருவிலும் மதுக்கடைகளிலும் பாடிப் பிழைத்தான். முறையாக இசைக்குறிப்பு எழுதத் தெரியாது. பியானோவில் பெரும்பாலும் கறுப்புக் கட்டைகளிலேயே வாசிப்பார். சுருதி மாற்றுவதற்கு விசை வைத்த விசேஷப் பியானோ ஒன்றை வைத்துக்கொண்டு 101 வயதுவரை வாழ்ந்தார். 'காட் பிளெஸ் அமெரிக்கா'வும் அவருடையதுதான்.

பிங் கிராஸ்பி பாடி 1942-ல் வெளிவந்த 'ஒயிட் கிறிஸ்துமஸ்' இசைத்தட்டு உலகத்திலேயே அதிகம் விற்றது, 5 கோடி என்று மதிப்பிடுகிறார்கள். அந்தப் பாட்டைக் கவனித்துக் கேளுங்கள். ஏசு இல்லை, மாட்டுத்தொழுவம் இல்லை. பனி, மணியோசை, பழைய வீட்டு நினைப்பு, அவ்வளவுதான். போர்முனையில் இருந்த சிப்பாய்களுக்கு அது போதுமானதாக இருந்தது. பெர்லினுக்கு அந்த நாள் சந்தோஷ நாளும் அல்ல. அவருடைய கைக்குழந்தை 1928-ல் இறந்தது ஒரு கிறிஸ்துமஸ் அன்று. பாட்டில் இருக்கும் ஏக்கம் அங்கிருந்து வந்ததா என்று யாராலும் அடித்துச் சொல்ல முடியாது. எனக்கு அது தெரிந்த பிறகு பாட்டு வேறு மாதிரி கேட்கிறது.

'லெட் இட் ஸ்னோ' கூட இரண்டு யூதர்கள் எழுதியதுதான். 1945 ஜூலையில், லாஸ் ஏஞ்சல்ஸ் வெயில் தாங்காமல்.

அப்பா கேன்டர், மகன் பாட்டுக்காரர். இது இவர் ஒருவர் கதையா?

ஒருவர் கதை இல்லை. 1927-ல் வந்த முதல் பேசும் நீளப்படம் 'ஜாஸ் சிங்கர்' கதையே இதுதான். அதில் நடித்த அல் ஜோல்சனின் அப்பாவும் கேன்டர். 'ஓவர் தி ரெயின்போ'வுக்கு இசையமைத்த ஹெரால்ட் ஆர்லனின் அப்பாவும் கேன்டர். ஜார்ஜ் கெர்ஷ்வின் வீட்டில் அப்படி யாரும் இல்லை. அவர் 15 வயதில் படிப்பை விட்டுவிட்டு, 'டின் பேன் ஆலி' என்று பட்டப்பெயர் பெற்ற மன்ஹாட்டன் 28ஆம் தெருப் பாட்டு வியாபாரத்தில், வாரம் 15 டாலர் சம்பளத்துக்குப் பியானோ வாசித்து இசைத்தாள் விற்றார். 1924 பிப்ரவரி 12 அன்று 'ராப்சடி இன் ப்ளூ' என்ற இசைக்கோவையை அரங்கேற்றியபோது அவருக்கு வயது 25. முப்பத்தெட்டில் போய்விட்டார்.

நியூயார்க்கின் நாடக வட்டாரமான பிராட்வே மேடை இசைநாடகத்தில் யூதர் அல்லாத பெரிய பெயர் கோல் போர்ட்டர். வெற்றியின் ரகசியம் பிடிபட்டுவிட்டது, இனி யூத மெட்டுகளாகப் போடப்போகிறேன் என்று அவர் தன்னிடம் சொன்னதாக இசையமைப்பாளர் ரிச்சர்ட் ராட்ஜர்ஸ் எழுதி வைத்திருக்கிறார். சொன்னபடி செய்தும் காட்டினார் என்பதுதான் வேடிக்கை.

ஹாலிவுட்டை யூதர்கள்தான் நடத்துகிறார்கள் என்கிறார்களே?

'தொடங்கினார்கள்' என்றால் பெருமளவு உண்மை. 'நடத்துகிறார்கள்' என்றால் அது பழைய வெறுப்புப் பிரசாரத்தின் வாடை. இரண்டையும் பிரித்துப் பார்க்க வேண்டும்.

பாரமவுண்டின் அடால்ஃப் சூக்கர் ரோமத்தோல் வியாபாரி. யுனிவர்சலின் கார்ல் லெம்லி துணிக்கடை மேலாளர். சாமுவேல் கோல்ட்வின் கையுறை விற்றவர். லூயி மேயர் வீட்டில் பழைய இரும்பு வியாபாரம். வார்னர் சகோதரர்கள் போலந்திலிருந்து வந்த செருப்புத் தைப்பவரின் பிள்ளைகள். வாடிக்கையாளர் எதை விரும்புவார் என்று முகம் பார்த்துச் சொல்லும் பழக்கம் இவர்களுக்குத் தொழிலிலேயே இருந்தது. எடிசனும் மற்றவர்களும் 1908-ல் காப்புரிமைக் கூட்டமைப்பு ஒன்று அமைத்துத் தொழிலையே தங்கள் கைக்குள் வைத்துக்கொள்ளப் பார்த்தார்கள். லெம்லி மல்லுக்கு நின்றார். 1915-ல் நீதிமன்றம் அந்தக் கூட்டமைப்பைச் சட்டவிரோதம் என்றது.

ஆனால் இவர்கள் எடுத்த படங்களில் யூதர்களைத் தேடித்தான் கண்டுபிடிக்க வேண்டும். திரையில் அவர்கள் காட்டியது வெள்ளை வேலி போட்ட சிற்றூர், ஞாயிறு தேவாலயம், அன்பான அம்மா. லூயி மேயர் தன் பிறந்தநாளை அமெரிக்கச் சுதந்திர தினமான ஜூலை 4-ல் கொண்டாடினார். 1934-லிருந்து படங்களுக்குக் கத்தரி போட்ட அலுவலகத்தின் தலைவர் ஜோசப் பிரீன் ஒரு கத்தோலிக்கர். யூத வெறுப்பைத் தோலுரித்து 1947-ல் வந்த 'ஜென்டில்மன்ஸ் அக்ரிமென்ட்' படத்தைத் தயாரித்தவரும் யூதர் அல்லாத டேரில் ஜானக்தான். இதுவா ஆட்டிப்படைக்கும் கூட்டம்? இன்று கொலம்பியா ஜப்பானின் சோனி கையில், யுனிவர்சல் காம்காஸ்ட் கையில்.

ஒரு கொசுறு: சாப்ளின் யூதர் என்று நம் ஊரில் நிறையப் பேர் நம்புகிறார்கள். அவர் யூதர் அல்ல.

எல்லிஸ் தீவில் அதிகாரிகள்தானே இவர்கள் பெயரை வெட்டி மாற்றினார்கள்?

இது அமெரிக்காவிலேயே பல குடும்பங்கள் நம்பும் கதை. எல்லிஸ் தீவு, நியூயார்க் துறைமுகத்தில் குடியேறிகளைச் சோதித்த இடம். அங்கிருந்த அதிகாரிகள் கப்பல் நிறுவனம் கொண்டுவந்த பட்டியலைச் சரிபார்த்தார்களே தவிர, புதுப் பெயர் வைக்கவில்லை. பெயரை மாற்றிக்கொண்டவர்கள் பின்னால் தாங்களாகவே மாற்றிக்கொண்டார்கள். காரணம் மேலே சொன்ன சாத்திய கதவுகள்தான்.

இஸ்ஸர் டானியலோவிச் நடிகர் கிர்க் டக்ளஸ் ஆனார், ஜேக்கப் கர்ட்ஸ்பெர்க் காமிக்ஸ் ஓவியர் ஜாக் கிர்பி ஆனார். மறுத்தவர்களும் உண்டு. லெனர்ட் பெர்ன்ஸ்டைன் என்ற இளைஞரிடம் அவருடைய குரு குசெவிட்ஸ்கி, 'பர்ன்ஸ்' என்று மாற்றிக்கொண்டால் பெரிய ஆளாகலாம் என்று யோசனை சொன்னார். மாட்டேன் என்றவர் பின்னாளில் நியூயார்க் ஃபில்ஹார்மோனிக்கின் இசை இயக்குநர் ஆனார். பாடகி பார்ப்ரா ஸ்ட்ரைசண்ட் முதற்பெயரில் ஒரே ஓர் எழுத்தைக் குறைத்ததோடு சரி. மூக்கைத் திருத்திக்கொள்ளச் சொன்னவர்களிடம் முடியாது என்றுவிட்டார்.

சூப்பர்மேன் யூதரா?

சூப்பர்மேன் கிரிப்டான்காரர்! ஆனால் அவரைப் படைத்த ஜெர்ரி சீகலும் ஜோ ஷுஸ்டரும் கிளீவ்லண்ட் நகரத்து யூதப் பையன்கள். அழியும் கிரகத்திலிருந்து ராக்கெட்டில் வைத்து அனுப்பப்பட்ட குழந்தை, வேற்று இடத்தில் வேறு பெயரில் வளர்கிறது, உண்மையான ஆளை மூக்குக்கண்ணாடிக்குப் பின்னால் மறைத்துக்கொள்கிறது. கூடையில் வைத்து ஆற்றில் விடப்பட்ட மோசே கதையும் குடியேறியின் கதையும் தெரிந்தவர்களுக்கு இதில் சாடை தெரியும். இருவரும் மனதில் அப்படி வைத்துத்தான் செய்தார்கள் என்று நான் சொல்லமாட்டேன். 1940-ல் நாஜி எஸ்.எஸ். படையின் வார இதழ் சீகலை யூதர் என்று குறிப்பிட்டுத் திட்டி ஒரு பக்கம் எழுதியது. எதிரிக்குப் புரிந்திருக்கிறது.

1938-ல் சூப்பர்மேன் உரிமைக்கு அவர்களுக்குக் கிடைத்தது 130 டாலர். பல ஆண்டு வழக்குகளுக்கும் வறுமைக்கும் பிறகு 1975-ல்தான் ஓய்வூதியமும், படைத்தவர்கள் என்ற பெயரும் கொடுத்தார்கள். பேட்மேனின் பாப் கேன், பில் ஃபிங்கர், பின்னாளில் ஸ்பைடர்மேன் கண்ட ஸ்டான் லீ, வில் ஐஸ்னர், இந்த நால்வரும் நியூயார்க்கின் பிராங்ஸ் பகுதியில் டிவிட் கிளின்டன் என்ற ஒரே உயர்நிலைப் பள்ளியில் படித்தவர்கள். இந்தப் பள்ளியை நினைவில் வையுங்கள், கீழே மறுபடி வரும். கேப்டன் அமெரிக்கா ஹிட்லரின் தாடையில் குத்துவிடும் அட்டைப்படத்தை ஜோ சைமனும் ஜாக் கிர்பியும் வெளியிட்டபோது அமெரிக்கா இன்னும் போரிலேயே இறங்கவில்லை.

ஜாஸ் கறுப்பர்களின் இசை. அதை எடுத்துக் காசு பார்த்தவர்கள் யூதர்கள் என்பது சரிதானே?

சங்கடமான கேள்வி, ஆனால் கேட்கவேண்டிய கேள்வி. ஜோல்சன் முகத்தில் கரி பூசிக்கொண்டு கறுப்பராக வேஷம் கட்டிப் பாடினார். கெர்ஷ்வின் கறுப்பர் இசையில் ஊறியவர்; புகழும் பணமும் அவருக்கு வந்த வேகத்தில் அந்த இசையைச் செய்தவர்களுக்கு வரவில்லை. சிகாகோவில் யூதர்களான செஸ் சகோதரர்கள் மடி வாட்டர்ஸ், சக் பெர்ரி போன்ற கறுப்புக் கலைஞர்களின் தட்டுகளை வெளியிட்டார்கள். 1970-களில் மடி வாட்டர்ஸும் வில்லி டிக்சனும் அவர்களுடைய பாட்டு உரிமை நிறுவனத்தின் மேல் வழக்குப் போட்டார்கள். இதையெல்லாம் மூடி மறைத்துப் பெருமை மட்டும் பேசுவதில் எனக்கு உடன்பாடு இல்லை.

மறுபக்கமும் அதே அளவு உண்மை. யூதரான பென்னி குட்மன் கறுப்புக் கலைஞர்களான டெடி வில்சனையும் லயனல் ஹாம்ப்டனையும் தன் குழுவில் வெளிப்படையாகச் சேர்த்துக்கொண்டு 1938-ல் கார்னகி அரங்கில் வாசித்தார். பெர்லினிலிருந்து வந்த ஆல்ஃபிரட் லயன் 1939-ல் தொடங்கிய ப்ளூ நோட் நிறுவனம் ஒத்திகைக்கும் சம்பளம் கொடுத்தது. அது அன்று அபூர்வம்.

கறுப்பர்களை மரத்தில் தொங்கவிட்டுக் கொன்ற கொடுமையைப் பற்றி பில்லி ஹாலிடே பாடிய 'ஸ்ட்ரேஞ்ச் ஃப்ரூட்' உங்களுக்குத் தெரிந்திருக்கும். அதை எழுதியவர் ஏபல் மீரோபோல், யூத ஆசிரியர். வேலை பார்த்தது அதே டிவிட் கிளின்டன் பள்ளியில். ஹாலிடேயின் பெரிய நிறுவனம் பதிவு செய்யத் தயங்கியது. 1939-ல் அதைத் தட்டாக வெளியிட்டவர் மில்ட் கேப்ளர் என்ற யூத இசைத்தட்டுக் கடைக்காரர்.

நகைச்சுவையில் ஏன் இவ்வளவு பேர்?

1877-ல் ஜோசப் செலிக்மன் என்ற பெரும் வங்கியாளரையே யூதர் என்பதற்காக சரடோகாவில் ஒரு பெரிய ஹோட்டல் திருப்பி அனுப்பியது. பணக்காரருக்கே இந்தக் கதி. ஆகவே யூதர்கள் நியூயார்க்குக்கு வடக்கே கேட்ஸ்கில் மலையில் தங்களுக்கென்று விடுதிகள் கட்டிக்கொண்டார்கள். பீட்ரூட் சூப்பின் பெயரால் அந்த வட்டாரத்துக்கு 'போர்ஷ்ட் பெல்ட்' என்று கேலிப்பெயர். விருந்தாளிகளைச் சலிப்படையாமல் பார்த்துக்கொள்ள ஒவ்வொரு விடுதியிலும் ஒரு கோமாளி வேலை உண்டு. சாப்பாட்டு மேசையில், நீச்சல் குளத்தில், மழை பெய்தால் வராந்தாவில் சிரிக்க வைத்துக்கொண்டே இருக்கவேண்டும். டேனி கே, மெல் புரூக்ஸ், சிட் சீசர் எல்லாம் அங்கே தேறியவர்கள். தொலைக்காட்சி வந்தபோது ஆட்கள் தயாராக இருந்தார்கள்.

மதத்தில் உருவம் வரையவே தடை. ஓவியத்தில் யாரும் இல்லைதானே?

இருக்கிறார்கள். இன்றைய லாட்வியாவிலிருந்து பத்து வயதில் வந்த மார்க் ராத்கோவைப் பாருங்கள். உருவமே இல்லாமல், நிறம் மட்டும். ஹூஸ்டனில் 1971-ல் திறந்த ஒரு தியான மண்டபத்துக்கு அவர் 14 ஓவியங்கள் வரைந்து கொடுத்தார். அதைத் தடையோடு முடிச்சுப் போடுகிறவர்கள் உண்டு. எனக்கு அது கொஞ்சம் இழுத்துக் கட்டியதாகப் படுகிறது.

இலக்கியத்தில் யாரிடமிருந்து தொடங்கலாம்?

பட்டியலில் முதலில் வருவது 1976-ல் நோபல் பெற்ற சால் பெல்லோ. நான் பெர்னார்ட் மாலமுட்டிடம் தொடங்கச் சொல்வேன். அவருடைய 'தி அசிஸ்டன்ட்' நாவலில் புரூக்ளினில் வியாபாரமே ஆகாத மளிகைக்கடை, காலை ஆறு மணிக்கு மூன்று சென்ட் பன் வாங்க வரும் கிழவி. இதைப் படிக்க அமெரிக்காவும் தெரியவேண்டாம், யூதமும் தெரியவேண்டாம். பிலிப் ராத்தைப் பிறகு எடுங்கள். சொந்தச் சமூகத்தை இப்படிக் காட்டிக்கொடுக்கலாமா என்று ரபிகள் எனப்படும் யூத மதகுருக்கள் மேடையிலிருந்தே அவரைத் திட்டினார்கள். தன் சாதிசனத்தைப் பற்றி உள்ளதை உள்ளபடி எழுதி வாங்கிக்கட்டிக்கொண்ட எழுத்தாளர்களை நமக்கும் தெரியும்.

பாப் டிலன் கிறிஸ்தவராகவும் இருந்திருக்கிறார். இவர்களையெல்லாம் எப்படி யூதர் கணக்கில் சேர்ப்பது?

முதல் கேள்விக்குச் சொன்ன பதிலின் சிக்கலான பக்கம் இது. டிலன் 1970-களின் இறுதியில் கிறிஸ்தவப் பாடல்கள் பாடினார், உண்மை. பிராட்வே பாடலாசிரியர் ஆஸ்கர் ஹாமர்ஸ்டைனின் அப்பா மட்டும் யூதர். ஆளை எண்ணுவதைவிட படைப்பைப் பார்ப்பது மேல் என்று நினைக்கிறேன், ஆனால் அதுவும் எளிதில்லை. 'வெஸ்ட் சைட் ஸ்டோரி'யை உருவாக்கிய நால்வரும் யூதர்கள். கதையில் ஒரு யூதரும் இல்லை. முதலில் யோசித்தபோது அது யூதர், கத்தோலிக்கர் காதல் கதையாகத்தான் இருந்தது.

ஆர்தர் மில்லர் 1949-ல் எழுதிய 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்தின் வில்லி லோமன் என்ன மதம் என்று எங்கும் வராது. 1951-ல் அது யித்திஷில் மேடையேறியது. பார்த்த விமர்சகர் ஒருவர், இதுதான் மூலம், மில்லர் எழுதிய ஆங்கிலம்தான் மொழிபெயர்ப்பு என்று எழுதினார்.

யித்திஷ் நாடகம் இப்போதும் நடக்கிறதா?

நடக்கிறது. நியூயார்க்கின் இரண்டாம் அவென்யூ தெருவில் வரிசையாக இருந்த கொட்டகைகள் போய்விட்டன. 1915-ல் தொடங்கிய ஃபோக்ஸ்பீனே குழு மட்டும் நியூயார்க்கில் இன்னும் நடிக்கிறது.

ஷோலம் அலைக்கெம் யித்திஷில் எழுதிய பால்காரர் டெவ்யே கதைகள் 1964-ல் 'ஃபிட்லர் ஆன் தி ரூஃப்' என்று ஆங்கில இசைநாடகமாக வந்து பிராட்வேயில் 3,242 முறை நடந்தன. 2018-ல் ஃபோக்ஸ்பீனே குழு அந்த ஆங்கில நாடகத்தின் யித்திஷ் மொழிபெயர்ப்பை மேடையேற்றியது. நடிகர்களில் பலருக்கு அந்த மொழி தெரியாது. வசனத்தை ஒலி ஒலியாகப் பாடம் பண்ணினார்கள். மேடையில் டெவ்யே தன் சொந்த மொழியில் பேச, பார்க்க வந்தவர்கள் ஆங்கிலத்திலும் ரஷ்ய மொழியிலும் திரையில் ஓடிய எழுத்துகளைப் படித்துக்கொண்டிருந்தார்கள்.